ஒன்பது மதலைமுத்துவும் ஒரு காப்புரிமையும்

கடத்தூரில் ஒரு மனிதனுடைய பெயரின் விலை அறுபது ரூபாய். ரசீது கேட்காவிட்டால் ஐம்பதுக்குப் படியும். பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே இருக்கும் கம்ப்யூட்டர் சென்டரில் பெயரைச் சொல்லிக் கட்டைவிரலை வைத்தால் போதும். அந்தப் பெயருக்கு இந்தப் பூமியில் என்னென்ன சொந்தம், என்னென்ன வம்பு என்று ஒரே தாளில் அடித்துக் கையில் கொடுத்துவிடுவார்கள். மதலைமுத்து ஐம்பத்தைந்துக்கு முடித்து, ரசீதும் வாங்கிக்கொண்டார். முப்பது வருஷமாக மாட்டுச் சந்தையில் தரகு பார்க்கிற மனிதர். அரசாங்கமே கடை விரித்தாலும் சொன்ன விலைக்கு வாங்கிவிட்டால் அன்றைக்கு அவருக்குச் சோறு இறங்காது.

வந்த காரியம் ஒன்றுதான். மனைவி ராஜமேரிக்கு இருதயத்தில் ஒரு வால்வு பழுது. பத்து எட்டு நடந்தால் மூச்சு இரைக்கும். சேலத்தில் ஒரு ஆஸ்பத்திரியில் ஆபரேஷனுக்குத் தேதி கொடுத்திருந்தார்கள். செலவைக் காப்பீட்டு அட்டை பார்த்துக்கொள்ளும் என்றும் சொல்லியிருந்தார்கள். முந்தின நாள் அங்கிருந்து போன் வந்தது. அட்டை செல்லவில்லையாம். அட்டை இல்லாமல் அந்த வால்வின் விலை நாலு லட்சம். வீடு, மாட்டுக்கொட்டகை, மேரியின் கம்மல், தன்மேல் சந்தைக்கு இருக்கும் நம்பிக்கை எல்லாவற்றையும் சேர்த்து விற்றாலும் பாதிகூடத் தேறாது என்பதை, விலை தெரிந்த மனிதர் என்பதால், போனைக் கீழே வைப்பதற்குள் அவர் கணக்குப் பார்த்துவிட்டார்.

கம்ப்யூட்டர் முன்னால் இருந்த அன்பரசி என்கிற பெண் திரையைப் பார்த்தாள். அவருடைய வேட்டியைப் பார்த்தாள். மறுபடியும் திரையைப் பார்த்தாள்.

“ஐயா, நீங்க விஞ்ஞானிங்களா?”

“இல்லீங்கம்மா. மாட்டுத் தரகுங்க.”

“உங்க பேர்ல ஒரு காப்புரிமை இருக்குதுங்க. அதனாலதான் அட்டைய நிறுத்தியிருக்காங்க.”

“அப்படின்னா?”

“நீங்க ஒரு பொருளைக் கண்டுபுடிச்சிருக்கீங்க. அதை வேற யாரும் செய்யக் கூடாதுன்னு அரசாங்கம் உங்களுக்கு எழுதிக் குடுத்திருக்குது.”

“நான் என்னாத்தைங்கம்மா கண்டுபுடிச்சேன்? போன மாசம் அவுத்துக்கிட்டுப் போன கன்னுக்குட்டியவே இன்னும் கண்டுபுடிக்கல.”

அன்பரசி படித்தாள். “‘அசைபோடும் கால்நடையின் தாடை அசைவிலிருந்து மின்சாரம் எடுக்கும் கருவியும் அதன் முறையும்.’ கண்டுபிடிப்பாளர் மதலைமுத்து. தகப்பனார் பேரு மதலைமுத்து. பூர்வீகம் உபதேசியார்கொட்டாய், கடத்தூர் வழி. தொழில் மாட்டுத் தரகு, பொருள் மாடு சம்பந்தப்பட்டதுன்னு பொருத்தம் தொண்ணூத்தி நாலு சதவீதம் போட்டிருக்குது. உத்தேச வருமானம் வருஷத்துக்கு நாலு கோடி.”

“நாலு கோடியை எனக்கு யாருங்கம்மா குடுத்தது?”

“யாரும் குடுக்கலீங்க. கம்ப்யூட்டரே போட்டுக்குது. ஜில்லாவுல இருக்கிற மாடெல்லாம் ஒரு நாளைக்கு இவ்வளவு நேரம் மெல்லும், அதுல இவ்வளவு கரண்டு வரும், அதை வித்தா இவ்வளவு வரும்னு.”

மதலைமுத்துவுக்கு வியாபார புத்தி போகவில்லை. “எருமை?” என்று கேட்டார்.

“எருமையை இன்னும் சேர்க்கலீங்க. வேலை நடக்குதாம்.”

உபதேசியார்கொட்டாயைப் பற்றிச் சொல்லாவிட்டால் இது யாருக்கும் விளங்காது. ரொம்பக் காலத்துக்கு முன்னால் அங்கே காலரா வந்தது. ஓட முடிந்தவர்கள் ஓடினார்கள். மாதா கோயிலில் ஜெபம் சொல்லித்தந்த மதலைமுத்து என்ற உபதேசியார் மட்டும் ஓடவில்லை. செத்தவர்களுக்குக் குழி வெட்டி, கிடந்தவர்களுக்குக் கஞ்சி ஊற்றி, எல்லாம் ஓய்ந்தபின் தானும் போய்ச் சேர்ந்தார். பிழைத்தவர்கள் கோயிலில் முழங்கால் போட்டு நேர்ந்துகொண்டார்கள்: இனி இந்த ஊரில் எந்த வீட்டில் தலைச்சன் ஆண்பிள்ளை பிறந்தாலும் அவனுக்கு உபதேசியார் பெயர். அன்றிலிருந்து தலைச்சனுக்குத் தலைச்சன் அதே பெயர். மகனும் மதலைமுத்து, அப்பனும் மதலைமுத்து, தாத்தாவும் மதலைமுத்து. பிழைப்புக்காக வெளியூர் போனவர்கள்கூட நேர்ச்சையை விடவில்லை. சாமியிடம் சொன்ன வார்த்தை.

ஊருக்குள் இதனால் ஒரு நாளும் குழப்பம் வந்ததில்லை. டிராக்டர் வைத்திருந்தவர் டிராக்டர் மதலை. முன்பல் நீண்டவர் பல்லு மதலை. எப்போதோ பம்பாய்க்குப் போய் மூன்றே நாளில் திரும்பி வந்தவர் பாம்பே மதலை. கோழி வளர்த்தவர் கோழி மதலை. தோளில் எப்போதும் துண்டோடு திரிகிற நம்முடைய தரகர் துண்டு மதலை. இப்படி ஒன்பது பேர். கூப்பிட்டால் சரியான மதலைதான் திரும்பிப் பார்ப்பார். கல்யாணப் பத்திரிகை, கோர்ட்டு சம்மன், கைக்கடன் கேட்டு வருகிற மச்சான் எல்லாம் சரியான வாசலுக்குத்தான் போய்ச் சேர்ந்தன.

பிறகுதான் பெயர் ஒருங்கிணைப்புப் பிரிவு என்று ஒன்று தர்மபுரியில் திறக்கப்பட்டது.

மதலைமுத்து பஸ் ஏறி அங்கே போனார். அதன் அதிகாரி மாதவராஜ் மிகவும் மரியாதையான மனிதர். யார் வந்தாலும் எழுந்து நின்று கும்பிடுவார். அவருக்குப் பின்னால் சுவரில் ‘ஒரே பெயர், ஒரே ஆள், ஒரே கோப்பு’ என்று பெரிய எழுத்தில் இருந்தது. அதற்குக் கீழே வரிசையாக அலமாரிகள். எல்லாம் காலி. அலமாரிமேல் ஒரு விருது.

“உட்காருங்கய்யா. உங்களைப் பத்தி நாங்க பேசாத நாளே கிடையாது” என்றார் மாதவராஜ். “இந்தத் திட்டம் வர்றதுக்கு முன்னாடி உங்க ஊர்ல ஒன்பது மதலைமுத்து இருந்தீங்க. ஒன்பது கோப்பு. ஒன்பது பேரும் தனித்தனியா வந்து, தனித்தனியா வரிசையில நின்னு, தனித்தனியா கஷ்டப்பட்டீங்க. எங்களால பொறுக்க முடியல. பேரு ஒண்ணு, அப்பா பேரு ஒண்ணு, ஊரு ஒண்ணு. எதுக்கு ஒன்பது பேரு? ஒண்ணாக்கிட்டோம். ஒரே வருஷத்துல இந்த ஜில்லாவோட ஜனத்தொகையில பதினோரு சதவீதம் குறைச்சிருக்கோம். ஒரு உயிர்ச்சேதம் கிடையாது. அதுக்குத்தான் அந்த விருது.”

“மீதி எட்டுப் பேரு எங்கீங்க போனாங்க?”

“ஒருங்கிணைஞ்சிட்டாங்க.”

“காத்தால பல்லு மதலையோடதானுங்க டீ குடிச்சேன்.”

“குடிங்க. நாங்க அதுல தலையிடறதில்ல.”

மதலைமுத்து விஷயத்துக்கு வந்தார். மேரியின் வால்வைச் சொன்னார். தேதியைச் சொன்னார். மாடு மெல்லுவதில் தனக்கு எந்தப் பங்கும் இல்லை என்று மாதாமேல் ஆணையாகச் சொன்னார். மாதவராஜுக்குக் கண் கலங்கிவிட்டது. கைக்குட்டையால் ஒற்றிக்கொண்டு, காப்புரிமைக் கோப்பில் இருந்த போன் எண்ணைத் தானே அழுத்தினார்.

கோயமுத்தூரில் ஒரு என்ஜினியரிங் கல்லூரிப் பேராசிரியர் எடுத்தார். அவர் பெயரும் மதலைமுத்து. அவருடைய தாத்தா உபதேசியார்கொட்டாயிலிருந்து மில் வேலைக்குப் போனவர்.

“அது என்னுதுதாங்க! என்னுதேதாங்க!” என்று போனிலிருந்து பேராசிரியர் கத்தினார். “நாலு மாசமா எனக்குச் சம்பளம் வரலீங்க. மாட்டுத் தரகருக்குப் பேராசிரியர் சம்பளம் குடுக்க விதியில்லைன்னுட்டாங்க. ஆனா கறவை மாட்டுக் கடன் சேங்ஷன் ஆகி மாடு வந்திருச்சு. அபார்ட்மெண்ட்ல ரெண்டாவது மாடியில கட்டி வெச்சிருக்கேன். கீழ இறக்கலாம்னா லிப்ட்ல ஏற மாட்டேங்குது.”

“நாட்டு மாடுங்களா, ஜெர்சியா?” என்று கேட்டார் மதலைமுத்து, வாய் தவறி.

“தெரியலீங்களே. கறுப்பா இருக்குது.”

“அது சரிங்க. உங்க மெஷினுல கரண்டு வருதுங்களா?”

“காப்புரிமைக்குக் கரண்டு வரணும்னு அவசியம் இல்லீங்க” என்றார் பேராசிரியர். “பதவி உயர்வுக்கு ஒரு காப்புரிமை வேணும்னாங்க. வாங்குனேன்.”

மதலைமுத்து எழுந்தே விட்டார். “சாருங்க, கேட்டீங்கல்ல? அவரே ஒத்துக்கிட்டாரு. என்னை விட்ருங்க.”

மாதவராஜ் வருத்தத்தோடு தலையாட்டினார். “கேட்டேங்க. மனசுக்கு நிம்மதியா இருந்துச்சு. ஆனா கோப்புப்படி அவரும் நீங்களும் ஒரே ஆளு. உங்களுக்கு நீங்களே சாட்சி சொல்றதைச் சட்டம் ஏத்துக்காதுங்க. நீங்க ஒண்ணு பண்ணுங்க. கண்டுபிடிக்காமைச் சான்று ஒண்ணு வாங்கிட்டு வந்துருங்க.”

கண்டுபிடிக்காமைச் சான்று என்பது ஒருவர் ஒரு பொருளைக் கண்டுபிடிக்கவில்லை என்று வல்லுநர் குழு நேரில் பார்த்துக் கண்டுபிடித்துக் கொடுப்பது. குழுவுக்குத் தலைவர் குப்புராஜ். ஓய்வுபெற்ற பெரிய பதவிக்காரர், எந்தப் பதவி என்பது அவருக்கே கொஞ்சம் மறந்திருந்தது. அலுவலகத்துக்குப் பின்னால் இருந்த காலி மனையில் பந்தல் போட்டார்கள். வாடகைக்கு ஒரு பசு வந்தது. காப்புரிமைப் படத்தைப் பார்த்துப் பட்டறையில் செய்த கருவியும் வந்தது: அலுமினிய வாய்ப்பூட்டு, நாலு ஒயர், ஒரு பல்பு.

“இதை மாட்டுக்கு மாட்டிக் காட்டுங்க” என்றார் குப்புராஜ்.

மதலைமுத்துவுக்கு உள்ளூரச் சந்தோஷம். தனக்குத் தெரியாத வேலையைத் தெரியாத மாதிரி செய்வதில் என்ன கஷ்டம்? வாய்ப்பூட்டைக் கொம்பில் கட்டினார். ஒயரை வால் பக்கம் கொண்டுபோனார். பசு அவரை ஒரு முறை திரும்பிப் பார்த்துவிட்டு, படுத்து, அசைபோட்டது. பல்பு எரியவில்லை. குழு சாயங்காலம் வரை காத்திருந்தது. நடுவில் போண்டா வந்தது. பல்பு எரியவே இல்லை.

குப்புராஜ் மைக்கைப் பிடித்தார்.

“காப்புரிமைக் கோப்பின் கடைசிப் பக்கத்தில், கண்டுபிடிப்பாளர் செய்த சோதனையில் பல்பு எரியவில்லை என்று இருக்கிறது. இன்றைக்கு இவர் செய்த சோதனையிலும் பல்பு எரியவில்லை. இரண்டு முடிவும் நூற்றுக்கு நூறு ஒத்துப்போகின்றன. இதைவிட என்ன ஆதாரம் வேண்டும்? தன்னடக்கத்தால் மறைத்துக்கொண்டிருந்த ஒரு மேதையை நம் குழு கண்டுபிடித்திருக்கிறது. நாற்பது வருஷப் பணியில் நான் எந்த முடிவையும் எடுத்ததில்லை. எடுக்காமலே இவ்வளவு உயரத்துக்கு வந்தேன். இன்று முதல் முறையாக எடுக்கிறேன். அதுவும் சரியாக எடுத்திருக்கிறேன் என்பதில் எனக்குப் பெருமை.”

எல்லோரும் கை தட்டினார்கள். பொன்னாடை போர்த்தினார்கள். மதலைமுத்து அழுதார். ஆனந்தக் கண்ணீர் என்று மறுநாள் பேப்பரில் படத்தோடு வந்தது.

வீட்டுக்கு வந்ததும் ராஜமேரி கட்டிலில் சாய்ந்தபடியே பொன்னாடையைத் தடவிப் பார்த்தாள். ஜரிகையை நகத்தால் சுரண்டினாள். “எம்பது ரூபாய்க்கு மேல பெறாது” என்றாள். பேசினால் இரைக்கும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். பேசாமலிருந்தால் அதைவிட இரைக்கும் அவளுக்கு. “ஏங்க, விஞ்ஞானி. சமையக்கட்டுல பல்பு போயி நாலு நாள் ஆச்சு. அதை மாத்துங்க முதல்ல.”

அந்த மாதக் கடைசியில் பெயர் ஒருங்கிணைப்புப் பிரிவுக்கு மேலிடத்திலிருந்து ஒரு கேள்வி வந்தது. மதலைமுத்து என்கிற ஒரே ஆள் எப்படி ஒரே நாளில் ஓசூரில் வீட்டு வரி கட்டி, கடத்தூரில் ரேஷன் வாங்கி, அரூரில் மணல் வழக்கில் ஆஜராகி, கோயமுத்தூரில் பாடம் நடத்தினார்? உடனே சரிசெய்யவும். மாதவராஜ் கலங்கவில்லை. உபதேசியார்கொட்டாயில் பெயர்ப் பகிர்வு முகாம் என்று அறிவித்துவிட்டார்.

மாதா கோயிலுக்குப் பக்கத்தில் ஷாமியானா. ஒரு நீள மேசை. அதன்மேல் மதலைமுத்து என்ற பெயரில் இருந்த ஆவணங்கள் எல்லாம் கல் வைத்துப் பரப்பியிருந்தன. எதிரே பெஞ்சில் எட்டு மதலைமுத்துகள். ஒன்பதாவதான கோழி மதலை போன வருஷமே செத்துப்போயிருந்தார். மனைவி மக்கள் கிடையாது. அவருடைய சாவு மட்டும் மேசைக்கு வந்திருந்தது. அதைக் கம்ப்யூட்டரில் ஏற்றினால் மற்ற எட்டுப் பேரும் ஒரே நொடியில் செத்துவிடுவார்கள் என்று இத்தனை நாள் நிறுத்தி வைத்திருந்தார்கள். அவ்வளவு மனிதாபிமானம்.

“எது யாருதுன்னு எங்களுக்குத் தெரியாது” என்று மாதவராஜ் மைக்கில் பெருமையாகச் சொன்னார். “தெரிஞ்சுக்கிட்டா ஒரு பக்கம் சாய்ஞ்சுருவோம். அதனால தெரிஞ்சுக்கல. நீங்களே அண்ணந்தம்பியாட்டம் பேசிப் பிரிச்சுக்குங்க. எனக்கு ஒண்ணே ஒண்ணுதான். நான் கார் ஏறும்போது மேசையில ஒரு காகிதம்கூட மிச்சம் இருக்கக் கூடாது.”

அவரவருடையதை அவரவர் எடுத்துக்கொண்டிருந்தால் அரை மணியில் முடிந்திருக்கும். ஆனால் டிராக்டர் மதலை எழுந்து, “டிராக்டர் என்னுது. மணல் கேஸ் ஊருக்குப் பொது” என்றார்.

“ஏன்டா, மணல் அள்ளுன டிராக்டர் உன்னுது, கேஸ் மட்டும் பொதுவா?” என்றார் பல்லு மதலை. “மாடு ஒருத்தனுக்கு, சாணி ஊருக்கா? ரெண்டையும் சேர்த்துத்தான் ஓட்டிக்கிட்டுப் போகணும்.”

“சேர்த்து நீ எடுத்துக்கறியா?”

“எடுத்துக்கறேன். ஓசூர் வூட்டையும் சேர்த்துப் போடு.”

“அடேய், ஓசூர் வூடு என்னுதுடா!” என்று பாம்பே மதலை துள்ளி எழுந்தார்.

அவ்வளவுதான். சந்தை கூடிவிட்டது. எல்லோரும் பாதி வயசை மாட்டுச் சந்தையில் கழித்தவர்கள். மாட்டு விலையை எவனும் வாய்விட்டுச் சொல்வதில்லை. இரண்டு பேர் கைமேல் துண்டைப் போட்டு மூடி, உள்ளே விரலைப் பிடித்துப் பேசிக்கொள்வார்கள். ஒரு விரல் பிடித்தால் ஒன்று. நாலு பிடித்தால் நாலு. மடக்கினால் குறை. பக்கத்தில் நிற்கிறவனுக்கு முகம் மட்டும்தான் தெரியும். அந்த முகத்தில் ஒன்றும் தெரியாது. அங்கே தரகர் என்றால் துண்டு மதலைதான். தோளில் அன்றைக்குப் பொன்னாடை கிடந்தது. அதையே விரித்தார்.

பொன்னாடைக்கு அடியில் ஓசூர் வீடு போனது, பட்டா போனது, முதியோர் பென்ஷன் ஒன்றுக்கு ரெண்டு தடுப்பூசிச் சான்றிதழ் என்று படிந்தது. பல்லு மதலைக்கு டிராக்டரும், மணல் கேஸில் முதல் குற்றவாளிப் பட்டமும் போயின. டிராக்டர் மதலை ஓசூர் வீட்டோடு முன்வரிசையில் உட்கார்ந்து மீசையைத் தடவினார். பாம்பே மதலைக்கு வீட்டு வரி பாக்கி மட்டும் கிடைத்தது. பிரிவு ஊழியர் ஒவ்வொன்றையும் முத்திரை குத்தி, “இது இனிமே சட்டப்படி உண்மை” என்று சொல்லிக் கொடுத்தார்.

மேசையில் மிஞ்சியது இரண்டு. மின்சார மாட்டின் காப்புரிமை. கோழி மதலையின் சாவு.

பேராசிரியர் மாட்டை விட்டு வர முடியாமல் கோயமுத்தூரிலேயே இருந்தார், வராதவருக்குப் பங்கு கிடையாது. காப்புரிமையை எடுத்துக்கொள்ளச் சொல்லி மதலைமுத்து ஒவ்வொருவரிடமும் பொன்னாடையை நீட்டினார். கூடவே தன் ரெண்டு வெள்ளாட்டைத் தருவதாக விரல் பிடித்தார். கொட்டகையைத் தருவதாகப் பிடித்தார். அதைத் தொட்டால் ரேஷன் போகும், பென்ஷன் போகும், அட்டை போகும் என்று எல்லோருக்கும் தெரிந்திருந்தது. “உனக்காக உயிரைக் கேளு, குடுக்கறேன் மாப்ளே. நாலு கோடி வேண்டாம்” என்று பல்லு மதலை கையை உருவிக்கொண்டார்.

மாதவராஜ் மணியைப் பார்த்தார். மதலைமுத்துவைத் தனியாக ஷாமியானா ஓரத்துக்கு அழைத்துப் போனார்.

“ஐயா, உங்க நல்லதுக்கு ஒண்ணு சொல்றேன். இறந்தவர் பேர்ல எதுவும் இருக்கக் கூடாதுங்க. அது விதி. நீங்க அந்தச் சாவை எடுத்துக்கிட்டீங்கன்னா, காப்புரிமை இன்னைக்கே உங்க பேரைவிட்டுப் போயிரும். உங்க வீட்டம்மா விதவை. புருஷன் வருமானம் கிடையாது. அட்டை அவங்க பேருக்குப் புதுசா வந்துரும்.”

“எத்தனை நாள்லீங்க?”

மாதவராஜ் வாயைத் திறக்குமுன் மதலைமுத்து அவர் கைமேல் பொன்னாடையைப் போட்டார். அதிகாரி முதலில் கூச்சத்தில் கையை இழுத்தார். பிறகு என்ன நினைத்தாரோ, நீட்டினார். ஐந்து விரலையும் மூன்று தரம் விரித்தார், பதினைந்து நாள். மதலைமுத்து மடக்கினார். பத்து. இன்னும் மடக்கினார். கடைசியில் ஏழில் நின்றது. ஆபரேஷன் தேதிக்கு அதற்கு மேல் ஒரு நாள்தான் மிச்சம். அதிகாரியின் கை வேர்த்திருந்தது. முப்பது வருஷத்தில் இவ்வளவு சுத்தமான வியாபாரம் செய்ததில்லை என்று மதலைமுத்துவுக்குத் தோன்றியது.

வேப்பமரத்தடியில் நாற்காலியில் உட்கார்ந்திருந்த மனைவியிடம் போனார். “மேரி, நான் செத்துக்கட்டுமா?”

“அட்டை வருதுங்களா?”

“ஏழு நாள்ல வருதாம்.”

“அப்ப சாவுங்க” என்றாள். மூச்சு வாங்கிக்கொண்டு, “ராத்திரி வூட்டுக்கு வந்து சோறு தின்னுட்டுப் படுங்க. கருவாட்டுக் கொழம்பு” என்றாள்.

ஊழியர் முத்திரை குத்தினார். மேசை சுத்தமானது. எட்டு மதலைமுத்துகளில் ஒருவர் இறந்துவிட்டார் என்று மைக்கில் அறிவித்து, ஒரு நிமிஷம் மௌனம் அனுசரித்தார்கள். மதலைமுத்துவும் எழுந்து நின்று தலை குனிந்தார்.

எட்டாம் நாள் காலையில் புருஷனும் மனைவியும் அன்பரசி முன்னால் உட்கார்ந்தார்கள். மறுநாள் ஆபரேஷன். அன்பரசி பொத்தானை அழுத்தினாள். திரையில் முதலில் ஒரு ஊதுவத்தி புகைந்தது. ‘தங்கள் ஈடுசெய்ய முடியாத இழப்பில் பிரிவும் பங்கு கொள்கிறது’ என்று வந்தது. அப்புறம் கீழே வந்ததை அவள் சத்தமாகப் படிக்கவில்லை. மனசுக்குள் படித்துவிட்டு நாற்காலியைத் தள்ளிப்போட்டாள்.

“என்னாம்மா?”

“உங்க பேர்ல காப்புரிமை இல்லீங்கய்யா. போயிருச்சு.”

“அப்பாடா.”

“இறந்துட்டதால வாரிசுக்குப் போயிருச்சுங்க. ராஜமேரி, கணவர் மதலைமுத்து. அவங்கதான் இப்ப ஓனர். அட்டை தகுதி இல்லைன்னு வருதுங்க.” அவள் குரல் இறங்கியது. “வருமானம் ஆறு கோடிங்க. போன வாரம் எருமையையும் சேர்த்துட்டாங்க.”

ராஜமேரிக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்கப்போய் இரைத்து, மேசையைப் பிடித்துக்கொண்டாள். அன்பரசி எழுந்து ஓடிப்போய்த் தண்ணீர் கொண்டுவந்தாள்.

மதலைமுத்து மாதவராஜுக்குப் போன் போட்டார். “சாருங்க, துண்டுக்கடியில கை குடுத்தீங்களே.”

“குடுத்தேங்க. சொன்னபடி உங்க பேரைவிட்டுப் போயிருச்சுங்களே.”

“அந்தச் சாவைத் திருப்பிக் குடுத்துடறேனுங்க. வாங்கிக்கிட்டுப் பழையபடி வெச்சிருங்க.”

“இறந்தவர்கிட்ட மனு வாங்க விதியில்லீங்களே ஐயா. இப்ப நான் உங்களோட பேசறதே மரியாதைக்காகத்தான்.” மாதவராஜ் மூக்கை உறிஞ்சுவது போனில் கேட்டது. உண்மையிலேயே நல்ல மனிதர். “உங்க வீட்டம்மா மனு குடுக்கலாம். குடுக்கச் சொல்லுங்க. ராஜமேரிங்கிற பேர்ல ஜில்லாவுல எத்தனை பேர் இருக்காங்கன்னு பார்த்து, ஒருங்கிணைச்சிட்டுக் கூப்பிடறோம்.”

ஆஸ்பத்திரிக்கும் போன் போட்டார். அட்டை வந்ததும் புதுத் தேதி தருவதாகவும், இந்தத் தேதியை வரிசையில் இருக்கும் அடுத்தவருக்குக் கொடுத்துவிட்டதாகவும் ஒரு பெண்குரல் பதமாகச் சொன்னது.

டவுன் பஸ்ஸில் ஊருக்குத் திரும்பினார்கள். கண்டக்டர் சென்றாயன் தெரிந்த பையன்தான். ராஜமேரிக்கு இலவசச் சீட்டைக் கிழித்துக் கொடுத்துவிட்டு, “உங்களுக்கு மாமா?” என்று கை நீட்டினான்.

“நான் செத்துட்டேன்டா மாப்ளே.”

“செத்தவங்களுக்கு ஃப்ரீ கிடையாதுங்க மாமா. பொம்பளைங்களுக்கு மட்டுந்தான்.”

மதலைமுத்து பேரம் பேசாமல் எடுத்துக் கொடுத்தார். சென்றாயன் அவரை ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டு அடுத்த சீட்டுக்குப் போனான்.

பஸ் மாந்தோப்புகளைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது. காற்று படக்கூடாது என்று மனைவியின் மடியில் பொன்னாடையை விரித்திருந்தார். அதற்கு அடியில் அவள் கை வந்து அவர் கையைத் தேடியது. தரகன் பெண்டாட்டி, விரல் பாஷை அவளுக்கு நன்றாகவே தெரியும். அவர் உள்ளங்கையில் ஒரு தரம் தட்டினாள். விலை என்ன என்று கேட்கிற தட்டு. வால்வு மாற்றாவிட்டால் எத்தனை மாசம் தாங்கும் என்று டாக்டர் அவரிடம் தனியாகச் சொல்லியிருந்தார். அவர் வீட்டில் சொல்லவில்லை.

மதலைமுத்து ஜன்னலுக்கு வெளியே பார்த்தபடி அவளுடைய ஐந்து விரலையும் சேர்த்துப் பிடித்தார். முகத்தில் ஒன்றும் தெரியாமல்தான் வைத்திருந்தார்.

அவள் கொஞ்ச நேரம் அப்படியே விட்டாள். பிறகு தன் கையை உருவி, அவருடைய விரலில் இரண்டை மெதுவாக மடக்கினாள். மிஞ்சியது டாக்டர் சொன்ன மூன்று.

“சந்தையிலயும் இப்படித்தான் பொய் சொல்லுவீங்களா?” என்றாள்.

ராத்திரி அவள் தூங்கினாளா என்று பார்த்துவிட்டு, கம்ப்யூட்டர் சென்டர் ரசீதைத் திருப்பிப் போட்டு, எந்த வியாபாரம் முடிந்தாலும் எழுதுகிற மாதிரி எழுதினார்:

வரவு: பொன்னாடை ஒன்று. சாவு ஒன்று.

செலவு: ஐம்பத்தைந்து ரூபாய். பெயர் ஒன்று.

மேரி பேரில் வரவு: மின்சார மாடு, எருமை உட்பட.

பாக்கி: வால்வு ஒன்று.